கருவாயனைக் கூப்பிட்டவர்கள்

"கட்டிப்போடச் சொன்னனா இல்லியா? தண்டோராப் போட்டு ரண்டு நாளாச்சு, இன்னும்..."

"கட்டறதுக்கு நாயி கையில சிக்கோணுமில்லீங்க? அது..."

"சிக்கலைன்னா தேடோணும். ஊட்டுல இருந்துக்கிட்டு..."

"நாலு நாளாத் தேடாத எடமில்லீங்க. நீங்க வாயத் தொறந்து கூப்பிட்டாப் போதும், அது பள்ளத்துக்குள்ள பூந்துக்குது."

"என்ர கொரலைக் கேட்டா? அதுக்குச் சோறு போடறவன் நானு."

"சோறு போடற கைதானுங்க சுடற முட்டையையும் வாயில வெச்சுது."

ஆறுமுகசாமி கையிலிருந்த சாட்டைக் கம்பை வாசல் தூணில் ஓங்கித் தட்டினான். கமலாத்தாள் சாணிக் கூடையைக் கீழே வைக்காமலே நின்றாள். புருஷனோடு எவ்வளவு சண்டை பிடித்தாலும் 'ங்க' போடாமல் அவளுக்குப் பேச்சு வராது. அந்த மரியாதையே அன்றைக்கு அவனை அதிகமாகக் குத்தியது.

மலையாள நாட்டு எல்லையோர ஊரான வடகரப்பதியில் ஒரு மாதமாகவே வெறிநாய்ப் பேச்சு. வேலந்தாவளம் பக்கமிருந்து வந்த நாய் ஒன்று இரண்டு கன்றுகளைக் கடித்துவிட்டு, வாயில் நுரை தள்ளி, வாய்க்கால் ஓரம் செத்துக் கிடந்தது. போகிற வழியில் எத்தனை நாய்களைக் கடித்ததோ யாருக்கும் தெரியாது. வியாழக்கிழமை மத்தியானத்துக்கு மேல் கட்டாமல் திரியும் நாய் எதுவானாலும் அடித்துக் கொல்லப்படும் என்று தண்டோராப் போட்டுவிட்டார்கள். அன்றுதான் வியாழக்கிழமை.

ஆறுமுகசாமி வீட்டு நாய் கருவாயன். உடம்பெல்லாம் செம்மண் நிறம், வாய் மட்டும் கரி பூசினாற்போல் இருக்கும். கோழிக் கூடையில் முட்டை காணாமல் போய்க்கொண்டிருந்தது. கொட்டகைக்குப் பின்னால் முட்டை ஓடு கிடந்ததைப் பார்த்ததும் திருடன் கருவாயன்தான் என்று தீர்ப்பாகிவிட்டது. முட்டை தின்னும் நாய்க்கு அந்தப் பக்கத்துக் குடியானவர்கள் செய்யும் வைத்தியம் ஒன்றுண்டு. முட்டையைக் கொதிக்கக் கொதிக்க வேகவைத்து, நாயைச் செல்லமாகக் கூப்பிட்டு, வாயில் திணித்து, தாடையை அழுத்திப் பிடித்துக்கொள்வார்கள். அதற்குப் பிறகு ஆயுசுக்கும் அது முட்டையை முகர்ந்து பார்க்காது. ஆறுமுகசாமியின் அப்பன் செய்தான். ஞாயிற்றுக்கிழமை இவனும் செய்தான்.

"வாடா கருவாயா, வாடா ராசா."

முட்டை வாசனைக்கு வாலை ஆட்டிக்கொண்டு வந்த நாய் அலறிக்கொண்டு ஓடியது. அன்றைக்குப் போனது, இன்னும் வீட்டுக்குத் திரும்பவில்லை.

"மயிலா எங்க?" என்றான் ஆறுமுகசாமி. பேச்சை மாற்ற வேண்டியிருந்தது. "பள்ளிக்கொடம் போகாம என்ன பண்றா?"

ஒன்பது வயது மயிலாத்தாள் மாட்டுக் கொட்டகைச் சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றாள். வலது மணிக்கட்டில் துணி சுற்றியிருந்தது. புல் அறுக்கும்போது அருவாள் பட்டுவிட்டது என்று ஞாயிற்றுக்கிழமையே அம்மாவிடம் சொல்லியிருந்தாள். கமலாத்தாள் குழைத்துக் கொடுத்த மஞ்சளையும் சுண்ணாம்பையும் காயத்தைக் காட்டாமல் தானே அப்பிக்கொண்டிருந்தாள். இப்போது துணிக்கு மேலே கை வீங்கியிருந்தது.

கமலாத்தாள் கூடையைப் போட்டுவிட்டுப் போய்த் துணியை அவிழ்த்தாள். மஞ்சளைத் துடைத்தாள். அருவாள் வெட்டென்றால் ஒரே கோடாக இருக்கும். இங்கே எதிரெதிராக நாலு குழிகள் இருந்தன.

"அம்முணி, இதென்ன?"

மயிலாத்தாள் கையை இழுத்துக்கொள்ளப் பார்த்தாள்.

"இது நாய்ப் பல்லு. எந்த நாயி? சொல்லு சாமி."

"கருவாயன்" என்று உதடு மட்டும் அசைந்தது.

ஆறுமுகசாமி ஓரடி முன்னால் வந்தான். "வா இங்க" என்றான்.

அவள் வரவில்லை.

"வா கண்ணு. அடிக்கமாட்டேன், வா."

அந்தக் குரல் செல்லக் குரல்தான். அதைக் கேட்டதும் மயிலாத்தாள் இரண்டடி பின்னால் போனாள், சுவர் இடித்து நின்றாள். கையை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டாள். அவன் அதைக் கவனிக்கவில்லை. கமலாத்தாள் கவனித்தாள். ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகு பள்ளத்தோரம் நின்று பார்த்த நாயும் இப்படித்தான் பின்வாங்கியது என்று அவளுக்குத் தோன்றியது.

மூன்று பேரும் பஸ் ஏறிப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். டாக்டர் மலையாளத்தில் சொன்னதைக் கம்பவுண்டர் கபிரியேல் தமிழில் சொன்னார். தெற்கிலிருந்து இடுக்கி எஸ்டேட்டுக்கு வேலைக்குப் போன குடும்பத்தில் பிறந்தவர், அவருடைய பேச்சு தெற்கத்திப் பேச்சு. கையைக் குழாயடியில் பிடித்து, சோப்புப் போட்டு வெகுநேரம் கழுவினார்.

"மஞ்சளும் சுண்ணாம்பும் அப்புனா வெசம் போயிருமாக்கும்? கடிச்ச ஒடனே இப்பிடிக் கழுவிட்டு அன்னைக்கே வந்துருக்கணும். நாலு நாளா என்ன செஞ்சிய?"

"தெரியாதுங்க. இவ சொல்லலீங்க."

"ஏன் சொல்லல?"

கபிரியேல் மயிலாத்தாளைப் பார்த்தார், அவள் அப்பாவைப் பார்த்தாள். அவர் மேற்கொண்டு கேட்கவில்லை.

"சரி. இன்னைக்கே ஊசி ஆரம்பிக்கோம். வயித்துல, தெனம் ஒண்ணா பதினாலு. ஆனா நாலு நாள் பிந்திப் போச்சு. முந்திக்கிட்டது ஊசியா வெசமான்னு இப்பம் டாக்டராலயும் சொல்ல முடியாது. நாயி எங்க கெடக்கு?"

"ஓடிப்போச்சுங்க."

"அதப் புடிச்சு அடைச்சு வையுங்க. கடிச்ச நாள்லருந்து பத்து நாளு பாக்கணும். பத்தாவது நாளும் அது நல்லாத் தின்னுட்டுத் திரிஞ்சா, கடிச்ச அன்னைக்கு அதுகிட்ட நோய் இல்ல. புள்ள தப்பிச்சா. யாரும் அதக் கொன்னுரப்படாது, கேட்டியளா. கொன்னுட்டா, புள்ளைக்கு என்ன ஆகும்னு தெரியாமலே மாசக்கணக்கா உக்காந்துருக்க வேண்டியதுதான்."

ஊசி பெரியது. அது வயிற்றில் இறங்கியபோது மயிலாத்தாள் பல்லைக் கடித்துக்கொண்டாள். ஒரு சத்தம் இல்லை.

"இந்தப் புள்ள என்ன, அழ மாட்டேங்கு?"

"எம்புள்ளைக்குத் தைரியம் சாஸ்திங்க" என்றான் ஆறுமுகசாமி.

கமலாத்தாள் தலையைக் குனிந்துகொண்டாள். அழுதால் இன்னும் இரண்டு அடி கூடுதலாக விழும் வீட்டில் வளர்கிற பிள்ளை அது என்பது அவளுக்குத் தெரியும். அதைத் தைரியம் என்று அவளால் சொல்ல முடியவில்லை.

அவர்கள் திரும்பி வருவதற்குள் ஊரில் வேட்டை ஆரம்பித்திருந்தது. பனைமர வரிசையில் தடியோடு ஏழெட்டுப் பேர். காட்டுப்பன்றி விரட்டத் துப்பாக்கி வைத்திருந்த சங்கையா முன்னால் நின்றான். எங்கோ ஒரு நாய் கேவியது, அப்புறம் அதுவும் நின்றது. மயிலாத்தாள் அம்மாவின் சேலையை இறுகப் பிடித்தாள்.

ஆறுமுகசாமி ஓடினான். "பங்காளி, என்ர நாயி... செவலை... கரு வாய்..."

"இன்னும் சிக்கலை. அந்தப் பள்ளத்துத் தாழம்புதருக்குள்ளதான் பூந்துருக்குது. கவலைப்படாத, முடிச்சிரலாம்."

"முடிச்சிராத. அது மயிலாவக் கடிச்சிருக்குது."

"அப்பறமென்ன? மொத வேலையா அதத்தான் கொல்லோணும்."

"வேண்டாம். அது உசுரோட வேணும். பத்து நாளைக்கு உசுரோட வேணும்னு டாக்டர் சொல்லீட்டாரு."

கூடியிருந்தவர்கள் அவனை ஒரு மாதிரி பார்த்தார்கள். கடித்த நாயைக் கொன்றால்தான் விஷம் இறங்கும் என்று அவர்கள் காலங்காலமாக நம்பி வந்தார்கள். நேற்று வரைக்கும் ஆறுமுகசாமியும் அப்படி நம்பியவன்தான்.

"பொழுது எறங்கற வரைக்கும் பாக்கறேன்" என்றான் சங்கையா. "அதுக்குள்ள நீயே புடிச்சுக்க. எங்கூட்டுலயும் கொழந்தைக இருக்குது. இருட்டினதுக்கப்பறம் அத வெளிய உட்டு வைக்க முடியாது."

ஆறுமுகசாமி வீட்டுக்கு ஓடி, கறிக் குழம்பும் சோறும் சூடாகப் பிசைந்து ஒரு தட்டில் எடுத்து வந்தான். புதருக்கு எதிரே வைத்துவிட்டு, தொண்டையைக் கனிவாக்கிக்கொண்டு கூப்பிட்டான்.

"கருவாயா... வாடா ராசா... வாடா..."

தாழை மடல் அசைந்தது. கருத்த வாய் தெரிந்தது. வாயோரம் வெள்ளையாக எச்சில் ஒழுகிக்கொண்டிருந்தது. நாய் அவன் முகத்தைப் பார்த்தது, தட்டிலிருந்து எழுந்த ஆவியைப் பார்த்தது. வாலைக் கால்களுக்கிடையே செருகிக்கொண்டு மறுபக்கம் பாய்ந்தது. மறுபக்கம் தடிக்காரர்கள் நின்றார்கள். ஒரு கல் பறந்தது. நாய் உருண்டு எழுந்து மறுபடியும் புதருக்குள் போனது.

அவன் இன்னும் கனிவாகக் கூப்பிட்டான். கும்பிட்டான். கனிவு கூடக் கூடப் புதர் அசைவதே நின்றுபோனது.

"உன்ர நாயி உன்னை நம்பலையே பங்காளி" என்று ஒருவன் சிரித்தான். சிரித்தவன் முகத்திலும் பயம்தான் இருந்தது.

வெயில் பனையின் பாதிக்கு இறங்கிவிட்டது. அப்போதுதான் கமலாத்தாள் மயிலாத்தாளின் தோளில் கைவைத்துக்கொண்டு வரப்பில் வந்தாள். பத்தடி தூரத்தில் குழந்தை நின்றுவிட்டது.

"ஏனுங்க" என்றாள் கமலாத்தாள். "இவ கூப்பிட்டா வருமாமுங்க."

"இவ கூப்பிட்டாவா?"

"என்ரகிட்டச் சொன்னதை உங்ககிட்டயும் சொல்லீருவா. நீங்க அந்தக் கம்பைக் கீழ போடுங்க மொதல்ல."

அவன் கையில் கம்பு இருப்பது அவனுக்கே அப்போதுதான் தெரிந்தது. கீழே போட்டான்.

மயிலாத்தாள் தரையைப் பார்த்தபடி பேசினாள். மூச்சு விடாமல் பேசினாள், நடுவில் நிறுத்தினால் மறுபடி ஆரம்பிக்க முடியாது என்று பயந்தவள் போல.

"முட்டையெல்லாம் நாந்தானுங்க எடுத்தேன். கருவாயன் திருடலீங்க. நாயெல்லாம் கொல்லுவாங்கன்னு பள்ளிக்கொடத்துல சொன்னாங்க. நீங்க கூப்பிட்டா அது வராதுங்க. அதனால நான் பழக்குனனுங்க. தேங்காச் சிரட்டையத் தட்டுவேன், வந்தா முட்டைய ஒடச்சு ஊத்துவேன். மொத நாளு கிட்ட இருந்து. அப்பறம் செவுத்துக்கு அக்கட்டால இருந்து. அப்பறம் பனமரத்துக்கிட்ட இருந்து. வந்தாக் குடுப்பேன், தடவிக்குடுப்பேன், உட்டுருவேன். கட்டமாட்டேன். வராத அன்னிக்கித் திட்டமாட்டேன். இப்ப வேற நாயிகூட வெளையாடிட்டு இருந்தாக்கூட வந்துருமுங்க. தட்டினா முட்டைய எடுத்தது நாந்தான்னு தெரிஞ்சுருமேன்னுதான் இத்தன நாளாக் கூப்புடலீங்க."

"இதெல்லாம் ஆரு சொல்லிக்குடுத்தா?"

"ஆரும் சொல்லலீங்க. நீங்க கூப்பிட்டா ஏன் ஓடுதுன்னு பாத்தேன். அதுக்கு மாத்திச் செஞ்சேன்."

சங்கையா துப்பாக்கியைத் தோளில் மாற்றிக்கொண்டு வேறு பக்கம் பார்த்தான்.

"கடி எப்பிடி பட்டுது?"

"சுடற முட்டை அது வாயில ஒட்டிக்கிச்சுங்க. எடுத்து உடப் போனேன். நாந்தான் தொட்டேன்னு அதுக்குத் தெரியலீங்க."

குற்றம் செய்தது யார், சூடு பட்டது யாருக்கு, கடி பட்டது யாருக்கு என்று ஆறுமுகசாமி மனசுக்குள் ஒருமுறை ஓட்டிப் பார்த்தான்.

"செரி, கூப்புடு" என்றான்.

"கிட்டப் போகக் கூடாது" என்றாள் கமலாத்தாள். "என்ர புள்ளைய மறுபடியும் அதுங்கிட்ட உடமாட்டேன்."

கிணற்றடியில் பம்புசெட் அறை இருந்தது. ஒற்றைக் கதவு, கம்பி வைத்த ஒரு ஜன்னல். கதவில் கயிறு கட்டி, அந்தக் கயிற்றை அறைக்குப் பின்புறம் வரை இழுத்தார்கள். மயிலாத்தாளை ஏணி வைத்துக் கூரைத் தளத்தில் ஏற்றினார்கள். அவள் முட்டை வேண்டாம் என்றாள். வாய் வெந்திருக்கும், ஆறின கம்பஞ்சோற்றில் மோர் ஊற்றிக் கொடுங்கள் என்றாள். கமலாத்தாள் கரைத்து அறைக்குள் வைத்தாள்.

"அப்பா பேசக்கூடாதுங்க" என்று மேலிருந்து குரல் வந்தது. "இருமக்கூடக் கூடாதுங்க."

கயிற்று நுனியைப் பிடித்துக்கொண்டு ஆறுமுகசாமி சுவருக்குப் பின்னால் குந்தினான். வீட்டில் எப்போதும் கேட்கிற குரல் அவனுடையதுதான். அன்றைக்கு அந்தக் குரல் வெளியே வந்தால் பிள்ளையின் உயிருக்கு ஆபத்து. அவன் மேல்துண்டை வாயில் திணித்துக்கொண்டான்.

டக், டக். டக், டக்.

சிரட்டையோடு சிரட்டை மோதும் சின்னச் சத்தம். இடது கையாலும் துணி சுற்றிய வலது கையாலும் தட்டினாள். ஒன்றும் நடக்கவில்லை. நிறுத்தினாள். மறுபடி தட்டினாள். அவசரப்படவில்லை. வெயில் மஞ்சளாகி, பிறகு சிவந்தது. சங்கையா துப்பாக்கியில் மருந்தைக் குத்தி இறுக்குவது எல்லோருக்கும் கேட்டது.

டக், டக்.

தாழம்புதரிலிருந்து நாய் வெளியே வந்தது. நாலடி வைத்து நின்றது. கடலைச் செடிக்குள் வயிறு தேய ஊர்ந்து வந்தது. கிணற்று மேட்டில் ஏறியதும் சட்டென்று நின்று மூக்கைத் தூக்கியது. ஆறுமுகசாமி இருந்த பக்கம் திரும்பியது. அதன் கண் அவனுக்குத் தெரிந்தது. அவன் வேர்வை வாசனை அதற்குத் தெரிந்திருக்கும். ஒரு கால் பின்னால் போனது.

"ஒண்ணுமில்லீடா" என்றாள் மயிலாத்தாள் மேலிருந்து, மூச்சுச் சத்தத்தில். டக், டக்.

நாய் அவன் பக்கம் பார்த்துக்கொண்டே உள்ளே போனது. அவன் கயிற்றை இழுத்தான். கதவு சாத்திக்கொண்டது. உள்ளே ஒரு கேவல் எழுந்தது. மேலே மயிலாத்தாள் முதல் முறையாக அழுதாள். "ஏமாத்திட்டேன், அத ஏமாத்திட்டேன்" என்று விக்கி விக்கி அழுதாள். வயிற்றில் ஊசி இறங்கியபோது அழாத பிள்ளை.

அதற்கப்புறம் ஆறு நாள். தினமும் பஸ், தினமும் ஊசி. ஊசி போட்ட இடமெல்லாம் கட்டி கட்டியாக வீங்கி, மயிலாத்தாள் குனியாமல் நடந்தாள். தினமும் விடிந்ததும் ஆறுமுகசாமி ஜன்னல் கம்பி வழியாகப் பார்த்தான். நாயின் வாயில் எச்சில் ஒழுகியது. தண்ணீரில் வாயை வைத்துவிட்டு எடுத்துக்கொண்டது. வெறிநாய் தண்ணீர் குடிக்காது, எச்சில் ஒழுகும். வாய் வெந்த நாய்க்கும் எச்சில் ஒழுகும், அதுவும் தண்ணீர் குடிக்காது. எதனால் ஒழுகுகிறது என்று கபிரியேலுக்கும் சொல்லத் தெரியவில்லை.

"வாயில என்ன புண்ணு?" என்று அவர் கேட்டார்.

"நான் வெச்ச சூடுங்க" என்று ஆறுமுகசாமி சொன்னான். அதை அவன் வாயால் சொன்னது அதுவே முதல் தடவை.

"அப்பம் நீரு வெச்ச சூடுதான் நம்ம கண்ணக் கட்டியிருக்கு. பாத்துக்கிட்டே இரும். வேற வழியில்ல."

பார்த்துக்கொண்டே இருந்தான். வயல்காட்டு வேலைக்குப் போகவில்லை. ராத்திரி மயிலாத்தாள் தண்ணீர்ச் செம்பை வாயில் வைக்கும்போது, விழுங்குகிறாளா என்று அவள் தொண்டையையே பார்த்தான். அவன் அப்படிப் பார்ப்பதைக் கண்டு அவள் பயந்து செம்பைக் கீழே வைத்துவிடுவாள். அவள் செம்பை வைத்துவிட்டதைக் கண்டு அவன் பயந்து வெளியே போய்விடுவான். பம்புசெட் அறைக்குப் போனால் நாய் மூலையில் ஒண்டிக்கொள்ளும். அவன் தட்டை வைத்துவிட்டு ஒன்றும் பேசாமல் வந்துவிடப் பழகினான்.

புதன்கிழமை, பத்தாவது நாள். விடியற்காலை ஜன்னலில் முகத்தை வைத்தான். நாய் மூலையில் இல்லை. சட்டி அருகே நின்று, சளப் சளப்பென்று தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தது. நிமிர்ந்து அவனைப் பார்த்தது, மறுபடி குடித்தது. ஆறுமுகசாமி கம்பியைப் பிடித்தபடியே கீழே உட்கார்ந்துவிட்டான்.

அன்று டாக்டர் போட்ட ஊசியே கடைசி. பதினாலு ஏழோடு நின்றது. நாயை மிருக ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய் அதற்கும் ஊசி போட்டு, கழுத்தில் பட்டை கட்டிக்கொண்டு வந்தார்கள். வாசலில் ஊர் கூடியது.

"பங்காளி, எங்கூட்டு நாயும் கூப்பிட்டா வர்றதில்லை" என்றான் சங்கையா. "அந்தச் சிரட்டை வித்தைய எனக்குஞ் சொல்லு. இல்ல, அம்முணிகிட்டயே ட்யூசனுக்கு அனுப்பட்டுமா?"

எல்லோரும் சிரித்தார்கள். ஆறுமுகசாமி சிரிக்கவில்லை.

"சிரட்டையில ஒண்ணுமில்லை பங்காளி. கூப்பிட்டு வந்ததை அடிக்கக்கூடாது, அவ்வளவுதான். நாயானாலும் செரி, பெத்த புள்ளையானாலும் செரி. அடிச்சா பயந்து ஒழுங்கா நடக்கும்னு நெனச்சிட்டிருந்தேன். பயந்தா ஒளிக்கத்தான் கத்துக்குது. நாலு நாளு என்ர புள்ள சாவக் கையில கட்டிக்கிட்டு என்ர ஊட்டுக்குள்ளயே நடந்திருக்குது. சொன்னா அடி உழுகும்னு சொல்லலை. வெறிநாயவிட என்னைக் கண்டு அதிகமாப் பயந்திருக்குது."

ஒவ்வொருவராகக் கலைந்து போனார்கள். கமலாத்தாள் உள்ளே போய் அடுப்பு மூட்டினாள்.

அவன் மயிலாத்தாளைக் கூப்பிடவில்லை. கூப்பிட வேண்டும் போலிருந்தது, ஆனாலும் கூப்பிடவில்லை. தூணில் சாய்ந்து உட்கார்ந்து, கையை மடியில் வைத்துக்கொண்டான். கொட்டகையோரம் நின்றவள் ஒரு அடி வைத்தாள். நின்றாள். இன்னொரு அடி வைத்தாள். கைக்கு எட்டும் தூரத்துக்கு வந்து, அங்கேயே நின்று, அவன் கையைப் பார்த்துக்கொண்டு கேட்டாள்.

"அப்பா, இன்னொண்ணு சொல்லோணுங்க. சொன்னா அடிக்கமாட்டீங்கதானே?"